வளர்ந்தது போதும்

எங்கள் மார்த்தாண்டம் பக்கத்தில் கூடைப்பந்தை மருந்து மாதிரி கொடுப்பார்கள். பிள்ளை குள்ளமாக இருந்தால் எங்கள் பள்ளிக்கூடத்துப் பயிற்சியாளர் ராஜபாய் டீச்சரிடம் கொண்டுவந்து விடுவார்கள், வளர்ந்ததும் நிறுத்திவிடுவார்கள். பெண்பிள்ளை என்றால் இன்னும் சீக்கிரம். அங்கே கணக்கு வாத்தியாராக இருந்து இதைப் பார்க்கப் பார்க்க எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

டீச்சருக்கு யாரும் மருந்து கொடுக்கவில்லை. பேச்சிப்பாறையில் ரப்பர் பால் வெட்டுகிறவரின் மகள், தானாகவே ஆறடி வளர்ந்தார். அந்த உயரம்தான் அவரைச் சென்னையில் ஒரு வங்கி அணியில் சேர்த்தது. பன்னிரண்டு வருடம் ஆடினார். ஊரில் வீடு கட்டினார், தம்பிகளைப் படிக்கவைத்தார். கல்யாணம்தான் அமையவில்லை. பெண் பார்க்க வந்த ஒருவர், இவர் காப்பித் தட்டோடு வந்து நின்று திரும்பிப் போகும்வரை நாற்காலியை விட்டு எழவே இல்லை. எழுந்தால் அளவு தெரிந்துவிடுமே! பிறகு முழங்கால் போயிற்று. கவுண்டரில் உட்காரவைத்தார்கள். அது பிடிக்காமல் வேலையை விட்டுவிட்டு இங்கே வந்தார்.

தையல்கடை கிளாரா மூத்த மகள் ஜாஸ்மியைக் கொண்டுவந்ததும் மருந்துக்காகத்தான். ஆனால் அவளுக்குப் பந்து மேல் பைத்தியம் பிடித்துவிட்டது. காலையில் டீச்சருக்கு முன்பே மைதானத்துக்கு வந்து நிற்பாள். போன ஏப்ரலில் இந்திய இளையோர் அணியின் முகாமுக்குத் தேர்வானாள். டீச்சர் அன்றைக்குச் சிரித்தது போல் நான் பார்த்ததே இல்லை. கிளாரா சம்மதிக்க வேண்டியதுதான் பாக்கி.

டீச்சர் அதைக் கேட்கத் தையல்கடைக்குப் போனபோது நானும் கூடப் போனேன். கிளாரா கழுத்தில் கிடந்த டேப்பைக் கழற்றவே இல்லை.

"வளந்தது போரும் டீச்சர். அஞ்சடி பத்து ஆயாச்சு. இனியும் வளந்தா இவள யாரு கெட்டுவா?"

"விளையாடுனா வேல கிட்டும் கிளாரா. எனக்குக் கிட்டல்லியா?"

"கிட்டிச்சு. பொறவு என்ன கிட்டிச்சு?"

கிளாரா அதைக் குத்திக்காட்டச் சொல்லவில்லை. உண்மையாகவே கேட்டார். அதுதான் கொடுமை.

டீச்சர் பக்கத்தில் நின்ற ஜாஸ்மியிடம் திரும்பினார். "நீ சொல்லு மக்கா. போணுமா, வேண்டாமா?"

ஜாஸ்மி டீச்சரைத் தலையிலிருந்து கால்வரை ஒருமுறை பார்த்தாள். "அம்மா சொல்லதுதான் டீச்சர்" என்றாள். சின்னப் பிள்ளைதான். என்றாலும் அந்தப் பார்வையை என்னால் மன்னிக்க முடியவில்லை.

வெளியே வந்ததும், முழங்கால் வலிக்கிறது, ஆட்டோ பிடியுங்கள் என்றார் டீச்சர்.

ஜூனில் பள்ளி திறந்த வாரம் கிளாரா மைதானத்துக்கு வந்தார், இளைய மகளோடு.

"இவ தீரக் குட்ட டீச்சர். அக்கா அளவுக்கு வந்தா போரும்."

என்னிடம் கேட்டிருந்தால் விரட்டியிருப்பேன். டீச்சர் அந்தப் பிள்ளையையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

"விட்டுட்டுப் போங்க கிளாரா. பந்து மேல ஆச வராம நான் பாத்துக்கிடுதேன்."

"அது போரும் டீச்சர்" என்று நிம்மதியாகச் சொல்லிவிட்டுக் கிளாரா கடை திறக்கப் போனார்.