பக்கத்து வீட்டு நடிகையின் அழுகை

ஆக்லாந்தின் கிளென் ஈடன் பகுதியில் எங்கள் பக்கத்து வீட்டுக்கு மெக்சிகோவிலிருந்து ஒரு நடிகை வந்திருப்பதாகக் கேள்விப்பட்டதும் என் கணவர் தலை வாரிக்கொண்டு கிளம்பினார். வேலிக்கு அந்தப் பக்கம் நின்றது அறுபத்தைந்து வயதுப் பெண்மணி, கை நிறையப் பிடுங்கிய களை. மனிதர் ஹலோ சொல்லிவிட்டு, குப்பைத்தொட்டியை உள்ளே இழுக்க வந்தவர்போலத் திரும்பிவிட்டார்.

எனக்கும் அந்த அம்மாவுக்கும்தான் ஒட்டிக்கொண்டது. முப்பது வருடம் நகைச்சுவைப் படங்களில் நடித்தவராம். கதாநாயகி இல்லை. வேலைக்காரி, வாடகை கேட்கும் வீட்டுக்காரி, ஏமாந்த மனைவி. எந்த வேடமானாலும் படம் முடிவதற்குள் ஒரு தடவை அழ வேண்டும். அந்த அழுகையைப் பார்த்துச் சிரிக்கத்தான் கூட்டமே வருமாம். பிறகு அதுவே வினையாகிவிட்டது. கணவரின் சவப்பெட்டிக்குப் பக்கத்தில் நின்று இவர் அழுதபோது, வந்தவர்கள் எல்லாரும் கைக்குட்டையைக் கடித்துக்கொண்டார்கள். பாதிரியார் சுவர்ப் பக்கம் திரும்பி நின்றாராம், தோள் மட்டும் குலுங்கியதாம். அந்த வாரமே மகள் இருக்கும் ஆக்லாந்துக்கு விசா கேட்டுவிட்டார்.

"நான் அழுதா சிரிக்காத ஆள் ஒருத்தராவது எனக்கு வேணும். என் படத்தை மட்டும் பார்த்துடாதீங்க" என்றார். சத்தியமாகப் பார்க்க மாட்டேன் என்றேன்.

அன்று சாயங்காலமே பார்த்தோம். தேடி எடுத்தது என் கணவர், ஆனால் பழியை அவர்மேல் போடுவதற்கில்லை. பாப்கார்ன் பொரித்தது நான். ஒரு வார்த்தைகூடப் புரியவில்லை, புரியத் தேவையும் இல்லை. முதலில் கீழுதடு நடுங்கும். அப்புறம் மூக்கிலிருந்து குக்கர் விசில் மாதிரி ஒரு சத்தம். கடைசியில் ஒரு விக்கல், உடம்பே ஓர் அங்குலம் எழும்பி இறங்கும். நான் சோபாவிலிருந்து கீழே விழுந்தேன்.

சில மாதம் கழித்து ஒரு சனிக்கிழமை காலை, தோசை மாவு கரைத்துக்கொண்டிருந்தபோது பின்கதவைத் தட்டினார். ஊரில் அவர் தங்கை இறந்துபோனாராம். உடனே விமானம் ஏறினாலும் அடக்கத்துக்குப் போய்ச் சேர முடியாது. சொல்லி முடித்ததும் கீழுதடு நடுங்க ஆரம்பித்தது.

கடவுளே, வேண்டாம் என்று நினைத்தேன். விசில் வந்தது. எனக்குச் சிரிப்பு கிளம்பிவிட்டது. அப்போது என்னைக் காப்பாற்றியது எங்கள் ஊர் இழவு வீட்டுப் பழக்கம்தான். அங்கே பெண்கள் ஒருவரையொருவர் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழுவார்கள். முகம் அடுத்தவர் தோளில் புதைந்திருப்பதால் யார் கண்ணில் தண்ணீர் வருகிறது, யார் கண்ணில் வரவில்லை என்று எவருக்கும் தெரியாது. மாவுக் கையோடு பாய்ந்து அவரைக் கட்டிக்கொண்டேன். அந்த விக்கல் என் நெஞ்சிலேயே இடித்தது. சத்தம் வெளியே வராமலிருக்க அவருடைய கம்பளிச் சட்டையைக் கடித்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தேன். கண்ணில் தண்ணீர் கொட்டியது. என்மேல் எனக்கே அருவருப்பாக இருந்தது, ஆனாலும் சிரிப்பு நிற்கவில்லை.

அவர் அழுகையை நிறுத்திவிட்டு என் முதுகைத் தடவிக்கொடுத்தார். விலகி நின்று என் நனைந்த முகத்தைப் பார்த்தார்.

"என்கூடச் சேர்ந்து அழுத முதல் ஆள் நீங்கதான்" என்றார்.

இப்போது ஞாயிற்றுக்கிழமைதோறும் கேக் கொண்டுவருகிறார். ஊரிலிருந்து யார் வீடியோவில் கூப்பிட்டாலும் என்னை இழுத்துவைத்துக் காட்டுகிறார். அவர்கள் நெஞ்சில் கை வைத்து எனக்கு நன்றி சொல்கிறார்கள். உண்மையைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இதை ஆங்கிலத்தில் எழுதியிருந்தால் அவர் மகள் படித்துச் சொல்லிவிடுவாள்.