பதினோரு மாத உட்புற அலவன்ஸ்

2022 நவம்பர் 10, வியாழக்கிழமை, காலை பதினொன்று நாற்பது. சிரம்பானில் தூறல். குடை விரிக்கும் அளவுக்கு மழை இல்லை, விரிக்காமல் நடந்தால் சட்டை நனைந்துவிடும். மருத்துவமனைக் கார் நிறுத்துமிடத்தில், காருக்குள் உட்கார்ந்து ஒரு கடிதத்தை இரண்டு முறை படித்தேன். மலாய் மொழியில் பதினான்கு வரிகள். என் மனைவிக்குச் சிறுநீரகம் இரண்டும் செயலிழந்துவிட்டன, இருதயமும் பலவீனமாக இருக்கிறது, வாரத்துக்கு மூன்று முறை டயாலிசிஸ் நடக்கிறது, ஒரே பிள்ளையான மகள் உடனிருப்பது நல்லது, ஆகவே அவரது இடமாற்ற விண்ணப்பத்தைக் கருணையோடு கவனிக்கவும். கீழே கையெழுத்தும் முத்திரையும்.

நான் கேட்டு வாங்கிய கடிதம் இல்லை அது. மனைவி உள்ளே இயந்திரத்தோடு படுத்திருந்த நேரத்தில் அந்த டாக்டர் பெண் தானாகவே என்னைக் கூப்பிட்டுக் கொடுத்தாள்.

"அங்கிள், உங்க மக சரவாக்லதானே டீச்சர்? இத அவங்க அப்ளிகேஷனோட சேக்கச் சொல்லுங்க. மெடிக்கல் கேஸ்னா சீக்கிரம் பாப்பாங்க."

நன்றி சொன்னேன். காரில் படித்து முடித்ததும் சட்டைப்பையிலிருந்து 555 புத்தகத்தை எடுத்தேன். மளிகைக்கடைகளில் கடன் எழுதுவார்களே, அந்தச் சின்ன நோட்டுதான். முப்பத்து நான்கு வருடம் ஆசிரியர் வேலை பார்த்தபோதும் அதில்தான் எழுதினேன், ஓய்வு பெற்ற பிறகும் அதில்தான் எழுதுகிறேன். அதில் ஒரு பெருக்கல் போட்டேன். அந்தப் பெருக்கலைப் பற்றித்தான் இதை எழுதுகிறேன்.

மகளின் சம்பளச் சீட்டு எனக்கு மனப்பாடம். அடிப்படைச் சம்பளம் நாடு முழுக்க ஒன்றுதான். கோலாலம்பூரில் இருந்தாலும் பகாவ் மாதிரிச் சின்ன ஊரில் இருந்தாலும், அதே படிப்புக்கும் அதே வருடங்களுக்கும் அதே தொகை. அதற்குக் கீழே வருகிற வரிகள்தான் வேறு வேறு. பெரிய நகரத்தில் இருப்பவருக்கு வாழ்க்கைச் செலவுப் படி கூடுதல், சின்ன ஊரில் குறைவு. தீபகற்பத்திலிருந்து கடல் தாண்டிப் போகிறவருக்குத் தனியாக ஒரு தொகை. பள்ளி ஆற்றோரத்துக் காட்டுக்குள் இருந்தால் உட்புற அலவன்ஸ் என்று இன்னொன்று. மகள் கடலும் தாண்டியிருந்தாள், காட்டுக்குள்ளும் இருந்தாள். இரண்டும் சேர்ந்து மாதம் 1,938 ரிங்கிட். இங்கே மாற்றலாகி வந்த முதல் மாதமே அந்த இரண்டு வரிகளும் காணாமல் போகும்.

உட்புற அலவன்ஸ் என்ற சொல்லைக் கேட்டாலே எனக்கு இன்றும் வயிறு எரியும். பகாவுக்கு அப்பால் ஒரு தோட்டத் தமிழ்ப்பள்ளியில் ஒன்பது வருடம் இருந்தேன். தார்ச் சாலை முடிந்த இடத்திலிருந்து பள்ளி வாசல் வரை பதினேழு கிலோமீட்டர் செம்மண். மோட்டார் சைக்கிள் மீட்டரை வைத்து மூன்று முறை அளந்தேன். மழைக்காலத்தில் மோட்டார் சைக்கிளைத் தோட்டத்து மேற்பார்வையாளரான மண்டோர் வீட்டில் விட்டுவிட்டு டிராக்டரில் ஏறிப் போவேன். மனு எழுதினேன், வரைபடம் வரைந்து இணைத்தேன். அலுவலகத்தில் ஒருவர் கோப்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது தோட்டத்துச் சொந்த ரோடு, சிக்கு. ரோடு இருக்கிற இடம் உட்புறம் ஆகாது" என்றார். வாத்தியாரை இங்கே சிக்கு என்றுதான் கூப்பிடுவார்கள். ஒன்பது வருடம், நூற்றெட்டு மாதம், ஒரு காசு கிடையாது. அதற்கு முன்னால் தற்காலிக ஆசிரியராக இருந்த நான்கு வருடம் மூன்று மாதமும் ஓய்வூதியக் கணக்கில் சேரவில்லை.

இதையும் சொல்ல வேண்டும். நாங்கள் குடியிருக்கும் சுவா என்ற சிற்றூரில் எங்கள் பக்கத்து வீட்டு அம்மா தோட்டத்துப் பாலர்பள்ளியில் இருபத்திரண்டு வருடம் பாடம் சொல்லிக்கொடுத்தவர். என் மகளுக்கு முதல் எழுத்தே அவர்தான் போட்டார். அவருக்கு ஓய்வூதியம் இல்லை, மருத்துவச் சலுகையும் இல்லை. என் மனைவிக்கு டயாலிசிஸ் கட்டணம் கிடையாது, ஓய்வூதியக்காரன் மனைவி என்பதால். அந்த அம்மா ஒருநாள் வேலியோரம் நின்றுகொண்டு சொன்னார்: "எனக்குக் கிட்னி போனா நேரா சுடுகாட்டுக்குத்தான் சார். நீங்க குடுத்து வெச்சவங்க." சிரித்துக்கொண்டேதான் சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. என் சம்பளச் சீட்டில் விட்டுப்போன வரிகளைப் பற்றித்தான் அப்போதும் யோசித்துக்கொண்டிருந்தேன்.

ஆகவே காரில் உட்கார்ந்து போட்ட பெருக்கல் இது: 1,938 பெருக்கல் பன்னிரண்டு, 23,256. சிரம்பானில், மருத்துவமனையிலிருந்து பத்து நிமிடத் தூரத்தில், ஒரு மாடியில்லாத வரிசை வீடு விலைக்கு வந்திருந்தது. மகள் பெயரில் வாங்குவதாகப் பேச்சு. வீட்டுக்காரர் தெரிந்தவர், ஒரு வருடம் பொறுப்பதாகச் சொன்னார். முன்பணமும் வக்கீல் செலவும் சேர்த்து 23,000. மகள் அந்த மாதத்திலிருந்து தன் அலவன்ஸை அதற்கென்றே ஒதுக்குவதாகச் சொல்லியிருந்தாள். பன்னிரண்டு மாதம் பொறுத்தால் வீடு, அதுபோக 256 ரிங்கிட் மிச்சம். வீடு வந்துவிட்டால் மனைவிக்குச் சுவாவிலிருந்து போக வர எழுபத்தாறு கிலோமீட்டர் அலைச்சல் இல்லை. அதற்கப்புறம் மகள் மாற்றலாகி வரட்டும். அடுத்த தீபாவளிக்கு அவள் வரும்போது கடிதத்தைக் கையில் கொடுத்துவிடலாம்.

கடிதத்தை நான்காக மடித்தேன். வீட்டுக்கு வந்து மடிப்பை நீவிவிட்டு, துளை போட்டு, மருத்துவக் கோப்பில் தேதி வரிசைப்படி சேர்த்தேன்.

மகள் ஞாயிற்றுக்கிழமைகளில்தான் பேசுவாள். பள்ளிக்குப் பின்னால் ஒரு மேடு இருக்கிறதாம், அங்கே ஏறினால்தான் அவள் போனுக்குச் சிக்னல். அடுத்த ஞாயிறே கேட்டாள்.

"அப்பா, டாக்டர் ஏதாச்சும் லெட்டர் குடுப்பாங்களா? இங்க ஒரு சாருக்கு அப்படித்தான் மாத்தல் கெடச்சிச்சு."

"அதெல்லாம் படுத்த படுக்கையா இருக்கறவங்களுக்குத்தாம்மா. அம்மா நடக்குறா, சமைக்கிறா."

"கேட்டுப் பாத்தீங்களா?"

"கேட்டாச்சு."

மனைவி என் கையிலிருந்து போனைப் பிடுங்கினாள். "எனக்கென்னா, கல்லு மாரி இருக்கேன். நீ சாப்ட்டியா? அந்தப் படகுல போறப்ப லைப் ஜாக்கெட்டு போட்டுக்கிறியா?"

தோட்டத்தில் அப்படித்தான் பழக்கம். வெளித்தோட்டத்துக்குக் கட்டிக் கொடுத்த பெண்ணுக்கு நோய்ச் செய்தி அனுப்ப மாட்டார்கள். தந்தி போனால் சாவு என்று அர்த்தம். அதற்குக் குறைந்த எதையும் தூரத்துக்குச் சொல்வதில்லை. என் மனைவி அந்தப் பழக்கத்தில் பிறந்து வளர்ந்தவள். கால் வீங்கிச் செருப்பு நுழையாத நாளிலும் போனில் கல்லு மாதிரிதான் இருந்தாள். எனக்கு அது வசதியாகப் போயிற்று.

பிப்ரவரி விடுமுறையில் மகள் மூன்று வாரம் வந்திருந்தாள். அம்மாவின் கையில் ஊசி ஏறித் தடித்துப்போன நரம்பைத் தடவிக்கொண்டே மறுபடியும் கேட்டாள். நான் மறுபடியும் அதையே சொன்னேன். இரண்டாவது முறை சொல்வது எளிதாக இருந்தது. நானே டாக்டரைப் பார்க்கிறேன் என்றாள். ஆஸ்பத்திரியில் நேரம் வாங்க வேண்டும், உன் லீவு முடிந்துவிடும் என்றேன்.

செவ்வாய், வியாழன், சனி. காலை ஐந்தே காலுக்குக் கிளம்புவோம். காரில் மனைவி பெரும்பாலும் தூங்குவாள். விழித்திருக்கிற நாளில் என்னைச் சீண்டுவாள். பெட்ரோல் போட்டுவிட்டு நான் நோட்டை எடுத்தால் போதும்.

"வாத்தியாரே, ஒங்க புஸ்தகத்துல நான் எந்தப் பக்கம்? வரவா செலவா?"

"செலவுதான். பாரேன், எண்பது ரிங்கிட்."

"நல்லா எழுதி வைங்க. மக வந்தா வசூல் பண்ணிக்கலாம்." கொஞ்ச நேரம் வெளியே செம்பனை வரிசையைப் பார்த்துக்கொண்டு வந்தாள். "எப்பதான் குடுப்பாங்களாம் அவளுக்கு மாத்தலு?"

"வரும்."

"தீபாவளிக்குள்ள வந்துருமா?"

"வந்துரும்."

நூற்று நாற்பத்து நான்கு முறை போய் வந்தோம். 10,944 கிலோமீட்டர்.

2023 அக்டோபர் 11, புதன்கிழமை, மாலை நான்கு பத்து. அன்று டயாலிசிஸ் இல்லாத நாள். அடுப்படியில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தவள், நெஞ்சு அடைக்கிறது, தண்ணீர் கொடுங்கள் என்றாள். நான் தண்ணீர் கொண்டுவருவதற்குள் தலை சாய்ந்துவிட்டது. போர்ட்டிக்சன் ஆஸ்பத்திரியிலிருந்து ஆம்புலன்ஸ் வர முப்பத்தைந்து நிமிடம். வந்தவர்கள் தொட்டுப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார்கள்.

மகளின் போன் அடிக்கவில்லை. அவள் பள்ளித் தலைமையாசிரியர் நகரத்துக்குப் போயிருந்தார். அவருக்குச் செய்தி அனுப்பினேன். அவர் யாரையோ பிடித்து, அவர்கள் யாரையோ பிடித்து, இரவு எட்டு ஐம்பதுக்கு மகள் மேட்டில் நின்று கூப்பிட்டாள். அழவில்லை.

"இருட்டுல படகு எடுக்க மாட்டாங்கப்பா. காலையில ஆறு மணிக்குத்தான். அம்மாவ எடுத்துறாதீங்க."

படகில் மூன்றரை மணி நேரம். மரம் ஏற்றுகிற லாரிகள் போகும் சாலையில் ஜீப்பில் ஐந்து மணி நேரம். நகரத்துக்கு வந்தபோது அன்றைய விமானத்தில் இடமில்லை. மறுநாள் காலை விமானம், பிறகு வாடகைக் கார். வெள்ளிக்கிழமை பதினொன்று நாற்பதுக்கு வாசலில் இறங்கினாள். நாற்பத்து மூன்றரை மணி நேரம் ஆகியிருந்தது. முழங்கால் வரை சேறு காய்ந்திருந்தது. உறவுக்காரர்கள் முந்தின நாளிலிருந்தே, எவ்வளவு நேரம் வைத்திருப்பது என்று முணுமுணுத்துக்கொண்டிருந்தார்கள். அம்மாவின் காலைப் பிடித்துக்கொண்டு அவள் உட்கார்ந்ததும் பேச்சு நின்றது. ஒரு மணிக்கு எடுத்தோம்.

உட்புற அலவன்ஸை எதற்காகக் கொடுக்கிறார்கள் என்று எனக்கு அன்றுதான் மணிக்கணக்கில் தெரிந்தது. அந்தப் படகும், அந்த ஜீப்பும், இடமில்லாத அந்த விமானமும்தான். ஒன்பது வருடம் அதற்காக மனு எழுதியவன் நான். அது இத்தனை மணி நேரத்துக்கான விலை என்று ஒருநாளும் நினைத்ததில்லை.

ஐந்தாம் நாள். ஓய்வூதிய அலுவலகத்துக்கு மனைவியின் இறப்பைத் தெரிவிக்க வேண்டும். திருமணப் பதிவுப் பத்திரம் எங்கே என்று மகள் கேட்டாள். கோப்புகள் அலமாரியில் இருக்கின்றன என்றேன். வேறு யாராக இருந்தாலும் அந்தக் கடிதத்தைக் கிழித்துப் போட்டிருப்பான். நான் எந்தக் காகிதத்தையும் கிழித்ததில்லை. நினைவு வந்து நான் எழுந்து போவதற்குள் அவள் மருத்துவக் கோப்பை மடியில் வைத்துப் புரட்டிக்கொண்டிருந்தாள். பிறகு புரட்டுவது நின்றது.

"இது எப்ப குடுத்தாங்க?"

தேதி மேலேயே இருந்தது.

"போன வருசம் நவம்பர். அம்மாவுக்குத் தெரியுமா?"

"தெரியாது."

"எதுக்குப்பா?"

வீட்டைச் சொன்னேன். பத்து நிமிடத் தூரம் என்றேன். பன்னிரண்டு மாதம், இன்னும் ஒரே மாதம்தான் பாக்கி இருந்தது என்றேன். நோட்டையும் எடுத்துக் காட்டினேன். ஏன் காட்டினேன் என்று இன்றும் தெரியவில்லை. பெருக்கல் சரியாக இருக்கிறது என்பதை அவள் பார்க்க வேண்டும் என்று தோன்றியது.

வாங்கிப் பார்த்தாள். "ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்தெட்டு" என்று படித்தாள், வகுப்பில் கரும்பலகையைப் படிக்கிற குரலில். நோட்டை மூடி என்னிடம் கொடுத்தாள். கடிதத்தைத் துளையிலிருந்து கிழியாமல் எடுத்துத் தன் பையில் வைத்துக்கொண்டாள்.

அதன் பிறகு மூன்று நாள் இருந்தாள். எனக்குச் சோறு போட்டாள். மாத்திரைகளை நாள்வாரியாகப் பிரித்து டப்பாவில் வைத்தாள். வேறு பேச்சு இல்லை. எட்டாம் நாள் விடுப்பு முடிந்தது. பதினாறாம் நாள் காரியத்தைப் பக்கத்து வீட்டு அம்மாவின் உதவியோடு நான் செய்தேன்.

வீட்டுக்காரர் நவம்பரில் கூப்பிட்டார். வேண்டாம் என்று சொன்னேன். மகள் இடமாற்ற விண்ணப்பத்தைத் திரும்பப் பெற்றுக்கொண்டதாகத் தலைமையாசிரியர்தான் எனக்குச் சொன்னார். இனி யாருக்காக வர வேண்டும் என்று கேட்டாளாம். அந்தத் தீபாவளிக்கு வரவில்லை, அடுத்ததற்கும் வரவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் போனை மேசை மேல் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். மாதம் ஒரு முறை, மருந்து வாங்கியாயிற்றா என்று மட்டும் ஒரு வரி வரும்.

காரியத்துக்கு வந்துவிட்டு அவள் திரும்பிப் போன அந்த அக்டோபர் மாதக் கடைசியில், சம்பளம் போடுகிற நாளில், என் வங்கிக் கணக்கில் ஒரு தொகை ஏறியிருந்தது. தொடர்ந்து அவளிடமிருந்து ஒரு செய்தி: "பதினோரு மாசம். கணக்குச் சரியா பாத்துக்குங்கப்பா."

பார்த்தேன். சரியாக இருந்தது. இன்றுவரை அதிலிருந்து ஒரு காசு எடுக்கவில்லை. நோட்டில் எழுதாமல் விடவும் முடியவில்லை. வந்த பணம்தான், ஆனால் வரவுப் பக்கத்தில் எழுதக் கை போகவில்லை. செலவுப் பக்கத்தில், பெட்ரோல் கணக்குக்குக் கீழே எழுதியிருக்கிறேன்: 21,318 ரிங்கிட்.