எல்லைக்கல்லைத் தாண்ட வைத்த தேவமாதா

1952-ஆம் வருஷம் ஆடி மாசம், என்னைக் கட்டின மாப்பிள்ளை சிலுவையான் கடல்ல செத்துப்போனார்னு எனக்குச் சேதி வந்தது. சேதி கொண்டுவந்தது அவர்கூட அதே கட்டுமரத்தில தொழிலுக்குப் போன செபஸ்தியான் அண்ணன். என் மாப்பிள்ளையோட அக்கா பிரகாசி மைனியைக் கட்டினவர். பெரிய அலை அடிச்சு மரத்தோட கட்டு அறுந்துபோச்சாம், இவர் மட்டும் நீந்திக் கரையேறினாராம். "எனக்க கண்ணு முன்னால முங்கினான். பிறகு எழும்பவே இல்ல" என்று சொல்லிவிட்டு நெஞ்சில அடிச்சு அழுதார். அவர் பொய் பேசுகிற ஆளில்லை.

மறுநாள் அந்த மரத்தில ஒரு தடி மட்டும் எங்க ஊருக்குக் கிழக்கே கரை ஏறிச்சு. ஆடிக் கடல் எடுத்த ஆளை மூணாம் நாள் அதே மணல்லதான் கொண்டுபோடும். எங்க ராஜாக்கமங்கலத்துக் கரையில அப்படி ஒரு கணக்கு. ஊரே போய் மூணாம் நாள் அங்க நின்னுச்சு. ஒண்ணும் வரல. மீனு தின்னிருக்கும்னு முடிவு பண்ணிட்டாங்க. உடல் கிடைக்காதவங்களுக்கு எங்க ஊர்ல ஒரு வழக்கம் உண்டு. ஆளோட வேட்டி சட்டையைப் பெட்டியில வச்சு, பூசை வச்சு, அடக்கம் பண்ணுவாங்க. அதுவரைக்கும் பெண்டாட்டி உள்வீட்டு மூலையில இருக்கணும், வாசல்படி தாண்டக் கூடாது. அடக்கம் முடிஞ்சதும் தாலியைக் கழத்திடுவாங்க. வெள்ளிக்கிழமைன்னு நாள் குறிச்சு, ஆசாரியிடம் பெட்டிக்கும் சொல்லியாச்சு.

மூலையில இருக்கிறது எனக்குப் புதுசில்ல. அதுவரைக்கும் நான் தனியா எங்க கோயிலைத் தாண்டிப் போனதே கிடையாது. மற்ற பெண்டுகள் மீன்கூடையைத் தலையில வச்சு உள்நாட்டுச் சந்தைக்கு ஓடுவாங்க. நான் வீட்டில இருந்து வலைக்கு நூல் முறுக்குவேன். கல்யாணமான புதுசில ஒரு தடவை மைனிகூடச் சந்தைக்குப் போய், ஒரு நாய் குரைச்சதுக்குக் கூடையைப் போட்டுட்டு ஓடிவந்தேன். அன்னையிலிருந்து மைனி என்னை வீட்டுப்பூனைன்னுதான் கூப்பிடுவாள். என் பயம் அப்படிப்பட்ட பயம்.

மாதா படத்துக்கு முன்னால கிடந்தேன். அழுதேன். "தாயே, அவரை எனக்க வாசல்ல கொண்டுவந்து நிறுத்தும்" என்று கேட்டுக்கிட்டே இருந்தேன். வாசல்ல ஒரு நிழல் விழுந்தா எட்டிப் பார்ப்பேன். வர்றது துக்கம் கேட்க வந்தவங்களா இருக்கும். கடைசியில எனக்குக் கோபம் வந்துட்டு. மாதாவிடமே சண்டைக்கு நின்னேன். உம்ம மகன் மட்டும் மூணாம் நாள் திரும்பி வரலாம், எனக்க ஆளு வரப்பிடாதா என்று கேட்டேன். கேட்டுட்டு நாக்கைக் கடிச்சேன்.

செபமாலையை எடுத்தேன். மாதா தன் இனத்தாளான எலிசபெத்தம்மாளைப் பார்க்கப் போன தேவ இரகசியம் வந்தது. அங்கேயே நின்னுபோச்சு. அருள்நிறை மந்திரம் வாயில வரல. எத்தனை வருஷமா அதைச் சொல்லிட்டு வாறேன், அன்னைக்குத்தான் காதில விழுந்தது. மாதா வீட்டுக்குள்ள இருக்கல்ல. எழும்பி மலைநாட்டுக்கு நடந்து போனாங்க. அதோட இன்னொண்ணும் மனசில பட்டது. எங்க ஆளுக பிணம் ஒதுங்குற இடத்தில மட்டும்தான் பார்த்தாங்க. ஆடியில கடல் கிழக்கே இழுக்கும்னு அவரே சொல்லியிருக்கார். உயிரோட ஒருத்தன் தடியைப் பிடிச்சுக்கிட்டா எவ்வளவு தூரம் போவான்? அதை யாரும் நினைக்கல. இந்தப் புத்தி எனக்கு உள்ளதில்ல, சத்தியமாச் சொல்றேன்.

விடிஞ்சதும் முக்காட்டை இழுத்துவிட்டுக்கிட்டு எழும்பினேன். மைனி வாசலை மறிச்சா.

"ஏட்டி சலேத்தி, நீ இந்தப் படியைத் தாண்டினா எனக்க மாப்பிள்ளை பொய்யன்னு ஆயிடும். ஊரு காறித் துப்பும்."

"அண்ணன் பொய் சொல்லல மைனி. ஆனா நான் போய்ப் பார்க்காம தாலியைக் கழத்த மாட்டேன்."

அவள் என்னைப் பார்த்த பார்வை இப்பவும் நினைவிருக்கு. கையைத் தானா எடுத்துட்டா.

கடலோர மணலைப் பிடிச்சுக்கிட்டு கிழக்கே நடந்தேன். ஆறு கடல்ல சேருற மணக்குடிப் பொழியில தோணி ஏறும்போது கண்ணை இறுக்க மூடிக்கிட்டேன். ஒவ்வொரு ஊர்லயும் சிலுவை நட்ட குருசடியில நின்னு, கரையில யாராவது ஒதுங்கினாங்களான்னு கேட்டேன். முதல் ஊர்ல எனக்குச் சத்தமே வரல. நாலாவது ஊர்ல கொஞ்சம் வந்தது. கன்னியாகுமரியில மாதா கோயில் பக்கத்துப் பெண்டுகள் கஞ்சி தந்து படுக்க இடமும் தந்தாங்க. காலையில திரும்பவும் நடந்தேன்.

கொஞ்ச தூரத்தில மணல் முடிஞ்சுபோச்சு. பாறை மேல அலை ஏறி அடிக்குது, கரையோட போக வழியில்ல. மேல பனங்காட்டுக்குள்ள போற வண்டிப்பாதைதான் இருந்தது. அதில ஒரு எல்லைக்கல். நம்ம ஊர் அப்போ திருவிதாங்கூர்-கொச்சி. கல்லுக்கு அந்தப் பக்கம் சென்னை ராஜ்யம். கடல் கண்ணில படாத இடத்துக்கு நான் எப்படிப் போவேன்? கால் எழும்பல. திரும்பிடலாம்னுதான் நினைச்சேன். "தாயே, மலைநாட்டுக்குப் போனப்ப உமக்குப் பயமா இருக்கல்லியா?" என்று கேட்டேன். பனையோலை சத்தம்தான் கேட்டது. அழுதுக்கிட்டே கல்லைத் தாண்டினேன்.

கொஞ்ச நேரத்தில எதிரே ஒரு மாட்டுவண்டி வந்தது. வழிவிட்டு ஒதுங்கினேன். நெற்றியில வெள்ளை நாமம் போட்ட ஒருத்தர் வண்டியை ஓட்டினார், அவர் பெண்டாட்டி பின்னால நடந்து வந்தாள். வண்டிக்கு வெளிய ஒரு கால் நீட்டிக்கிட்டு இருந்தது. அந்தக் காலை எனக்குத் தெரியாதா? வாய்விட்டுக் கதறிட்டேன்.

அவங்க பனையேறுகிற குடும்பம். ரெண்டு தடியைக் கட்டிப்பிடிச்சபடி பாறை இடுக்கில கிடந்தவரைத் தூக்கிட்டுப் போய், கருப்பட்டித் தண்ணியும் கஞ்சியும் கொடுத்துக் காப்பாத்தியிருக்காங்க. தலையில அடிபட்டு அவருக்குப் பேச்சே இல்ல. அக்கம்பக்கத்துக் கரைகள்ல கேட்டிருக்காங்க, அங்க யாருக்கும் ஆளைத் தெரியல. அன்னைக்குக் காலையில காய்ச்சல் கூடிப்போகவும் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோறாங்க. நான் எல்லைக்கல்லிலேயே திரும்பியிருந்தா? நான் மணலோட போயிருப்பேன், வண்டி ரோட்டோட போயிருக்கும்.

நான் முகத்தைத் தொட்டதும் அவர் கண்ணைத் திறந்தார்.

"சலேத்தி... நீயாட்டி? நீ எப்பிடி இவ்வளவு தூரம் வந்த?"

கடல்ல விழுந்த பிறகு அவர் பேசின முதல் பேச்சு அதுதான். செத்துப் பிழைச்சவருக்கு அவர் பிழைச்சது அதிசயமில்ல, நான் வந்ததுதான் அதிசயம்! வண்டிக்காரர் அவர் சாமியை நினைச்சுக் கைகூப்பி "அய்யா உண்டு" என்றார். நான் "சேசுவே" என்றேன். ரெண்டும் ஒரே இடத்துக்குத்தான் போயிருக்கும். இதைப் பங்குச்சாமியிடம் போய்ச் சொல்லிடாதீங்க.

அவர் குணமாகி ஊருக்கு வந்த அன்னைக்கு, செபஸ்தியான் அண்ணன் அவர் காலைக் கட்டிக்கிட்டு சின்னப்பிள்ளை மாதிரி அழுதார். அடக்கத்துக்குச் செஞ்ச பெட்டியில நான் கருவாடு போட்டு வச்சிருக்கேன். அவரால ரொம்ப நாள் கடலுக்குப் போக முடியல. நான் மைனிகூடக் கூடையைத் தூக்கினேன், இன்னும் தூக்குறேன். நாய் இப்பவும் குரைக்குது, நானும் ஏசுறேன். போன ஐப்பசி வாக்கில நம்ம ஊரும் சென்னை ராஜ்யத்தோட சேர்ந்தாச்சு. நான் அழுது தாண்டின எல்லையே இப்ப இல்ல.

பிரியமானவங்களே, அவரை என் வாசலுக்குக் கொண்டுவரச் சொல்லி நான் கேட்டேன். மாதாவோ என்னை எழுப்பி அவரிடம் கொண்டுபோனாங்க. இங்கே முட்டுப்போட்டு அழுதுக்கிட்டு இருக்கிற யாராவது ஒருத்திக்காகத்தான் இதைச் சொல்றேன். செபத்தை விடாதே மக்கா. பயம் போகட்டும், பிறகு எழும்பலாம்னு காத்திருக்காதே. எனக்குப் பயம் போகவே இல்ல. அழுதுக்கிட்டே நட. உனக்கு முன்னால தாய் நடந்து போறாங்க.