மாமன் உடைத்த தேங்காய்

என் மூத்த மகள் பெரியபிள்ளையானபோது நானும் என் அண்ணையும் ஆறு வருசமாகக் கதைப்பதில்லை. எல்லை வேலியில் நின்ற ஒரு பனையால் வந்த கோபம். பிழை அவருடையது என்று இன்றைக்கும் சொல்வேன்.

சடங்கில் பிள்ளைக்குத் தண்ணீர் வார்ப்பதற்கு முதல் தேங்காய் உடைக்க வேண்டியவர் தாய்மாமன். எனக்கு இருந்தது அந்த ஒரு சகோதரம்தான். கூடப்பிறந்தவர்களுக்கு நேரே போய்ச் சொல்வது எங்கள் வழக்கம். நான் போகாமல் என் கணவரை அனுப்பினேன். அவருக்குத் தேத்தண்ணீர் கொடுத்துவிட்டு அண்ணை கேட்டாராம்:

“மச்சான், நீர் வந்தது சந்தோசம். என்ரை தங்கச்சிக்குக் கால் ஏலாதோ?”

“என்ரை கால் நல்லாத்தான் இருக்கு,” என்றேன் நான், திரும்பிவந்து இதைச் சொன்ன கணவரிடம். “உங்கடை அண்ணை உடைக்கட்டும். பிள்ளைக்கு அவர் பெரியப்பாதானே.”

அறைக்குள் இருந்த மகளுக்கு அது கேட்டுவிட்டது. உழுத்தங்களி கொண்டுபோனேன். கோப்பையை அவள் தொடவில்லை.

“பெரியப்பா மாமா இல்லையே, அம்மா,” என்றாள்.

சடங்குக்கு முதல்நாள் காலை அண்ணை வீட்டுக்குப் போனேன். வாசல் படலையைத் தாண்டவில்லை. அண்ணையின் மனைவி, என் மச்சாள், இரண்டுதரம், “உள்ளுக்கு வாங்கோ,” என்று கூப்பிட்டா. அண்ணை வாழைக்குப் பாத்தி கட்டிக்கொண்டிருந்தார், நிமிரவில்லை.

“நாளைக்குப் பிள்ளைக்குத் தண்ணி வார்க்கிறம். மாமன்காரர் வந்து தேங்காய் உடைக்கோணும்.”

“எத்தினை மணிக்கு?” என்றார் அண்ணை.

“ஏழுக்கு முன்னம். பிறகு குண்டு போடப் பொம்பர் வந்திடும்.”

திரும்பி வந்துவிட்டேன்.

மறுநாள் அண்ணை மச்சாளோடு வந்தார். தன் வளவுத் தென்னையில் பறித்த தேங்காயையே கொண்டுவந்தார். ஒரே அடியில் சரிபாதியாக உடைந்தது. மச்சாள் இரண்டு குடம் வார்த்திருப்பா, பொம்பர் இரைச்சல் கேட்டது. எல்லோரும் முற்றத்துப் பங்கர் குழிக்குள் இறங்கினோம். மகள் ஈரத்தோடு நடுங்கினாள். அண்ணை தன் சால்வையால் அவளைப் போர்த்தினார்.

“கொஞ்சம் அரக்கி இரு. பிள்ளைக்கு இடமில்லை,” என்றார் என்னிடம்.

அரக்கி இருந்தேன்.

பொம்பர் போனபின் மிச்சத் தண்ணீரையும் வார்த்து, சேலை உடுத்தி, ஆலாத்தி எடுத்தோம். ஒன்றும் குறையவில்லை. பந்தி போட்டபோது அண்ணை சைக்கிளை எடுத்தார். மச்சாளிடம், “இருந்து சாப்பிட்டிட்டுப் போங்கோ,” என்றேன். அவரிடம் சொல்லவில்லை. அவர் சைக்கிளைப் பிடித்தபடி கொஞ்சநேரம் நின்றார். நான் குனிந்து சோறு போட்டுக்கொண்டிருந்தேன். நிமிர்ந்தபோது அவர் போயிருந்தார்.