கடைமடைப் படம் யாருடையது

வாய்க்காலின் கடைமடை வயல்களுக்குத் தண்ணீர் எட்டாத கதையைப் படமாக்க நினைத்தவள் அனுசுயா. ஊர் ஊராகப் போய்ப் பேச ஆள் பிடித்தது, அனுமதி வாங்கியது, சேற்றில் நின்று மைக் பிடித்தது எல்லாம் அவள்தான். இயக்கியவன் மன்னார்குடி வசந்தகுமார். படம் விருது வாங்கியது. திரையில் ‘தயாரிப்பு, இயக்கம்: வசந்தகுமார்’ என்று வந்தது. அவள் பெயர் நன்றிப் பட்டியலில், சாப்பாடு போட்ட மெஸ்ஸுக்குக் கீழே.

கேட்டதற்கு, “ஒத்தாசையா இருந்தீங்க, இல்லேங்கல. அதுக்குத்தான் நன்றி போட்டிருக்கேனே” என்றான்.

அதன்பிறகு அவள் யாரோடும் கூட்டுச் சேரவில்லை. கல்யாண வீடியோ எடுத்துப் பிழைத்துக்கொண்டே தனியாக நான்கு ஆவணப்படங்கள் தயாரித்தாள். கோபம் மட்டும் ஆறவில்லை. அவன் பேட்டி எங்கே வந்தாலும் தேடிப்பிடித்து, வயிறு எரிய முழுவதும் பார்ப்பாள்.

போன வருஷம் வசந்தகுமாரின் அம்மா ராமாயி இறந்துபோனார். காரியம் முடிந்ததும் அவன் போன் செய்தான். படப்பிடிப்புக்கு வந்திருந்த அம்மாவை அனுசுயா தன் கேமராவில் பேசவைத்து எடுத்தது அவனுக்கு ஞாபகம் இருந்தது. அம்மா குரல் வேறெங்கும் இல்லை, அதைக் கொடுங்கள் என்று கெஞ்சினான். அந்த அம்மாள் மகன் வீட்டில் இருந்தவரை, பேசியதற்காக அவருக்குச் சங்கடம் வருமே என்று அதை வெளியே எடுக்க அனுசுயாவுக்கு மனம் வந்ததில்லை. இப்போது அந்தத் தடை இல்லை. கும்பகோணத்தில் கடைமடைப் படத்தைத் திரையிடுகிறார்கள், அங்கே வந்தால் தருவதாகச் சொன்னாள்.

தங்கை ஜெயாவோடு வந்தான். படம் முடிந்ததும், இதில் சேராத காட்சி ஒன்று இருக்கிறது என்று சொல்லி அனுசுயா ராமாயியைத் திரையில் விட்டாள். வரப்பில் உட்கார்ந்து வெற்றிலை மடித்தபடி, மகன் சின்ன வயதில் செய்த சேட்டைகளைச் சொல்லிச் சிரித்தார். குரலைக் கேட்டதுமே வசந்தகுமார் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதான். ராமாயி தொடர்ந்தார்:

“எம்மவன் கொடயப் புடிச்சிக்கிட்டு நிக்கிறான். அலையறது பூரா இந்தப் பொண்ணுதான். படம் இதோடதுன்னுதான் நான் சொல்லுவேன்.”

அரங்கமே திரும்பி அவனைப் பார்த்தது. அவன் அழுகை சட்டென நின்று முகம் செத்துப்போனதை அனுசுயா கண் எடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பென் டிரைவை வாங்க வெளியே வந்தவள் ஜெயாதான்.

“அண்ணனை நாலு பேர் முன்னாடி திட்டியிருக்கலாம்கா. செத்த அம்மாவ வச்சா பழி வாங்குவீங்க?”

“உங்கம்மா பொய் சொல்லலையே” என்றாள் அனுசுயா.

மறுமாதமே படத்தில் தயாரிப்பாளர் பெயர் அனுசுயா என்று மாறியது. அன்று பஜாரில் பார்த்தவர்களுக்கெல்லாம் அவள் டீ வாங்கிக் கொடுத்தாள். மன்னிப்புக் கேட்டு வசந்தகுமார் அனுப்பிய செய்திக்கு இன்றுவரை பதில் போடவில்லை.