முன்கூட்டியே மன்னிப்புக் கேட்பவர்

அழைப்புமணியை அழுத்திவிட்டு நிஷிகோரி சான் பின்னால் நகர்கிறார். கதவோரக் கேமராவில் தலை மட்டும் தெரிந்தால் போதாது; குனிவது இடுப்புவரை தெரிய வேண்டும். தொப்பியைக் கழற்றிக் கக்கத்தில் இடுக்கிக்கொள்கிறார். உள்ளிருந்து குரல் வருவதற்கு முன்பே குனிந்துவிடுகிறார்.

"நாளைலேருந்து பக்கத்து வீட்ட இடிக்கப் போறோம். சத்தம் வரும், தூசி வரும். ரொம்பத் தொந்தரவு குடுக்கப் போறோம். மன்னிக்கணும்."

கதவு திறந்தால், காகித உறையிட்ட துவாலை ஒன்றை இரு கைகளாலும் நீட்டுகிறார். அதை வாங்கிக்கொண்டால் அந்த வீட்டில் வேலை முடிந்தது.

ஜப்பானின் மாட்சுமோத்தோ நகரில் பழைய வீடுகளை இடிக்கும் சிறிய நிறுவனம் எங்களுடையது. இயந்திரம் ஓட்ட ஓர் ஆள் இருப்பதுபோல, அக்கம்பக்கத்தில் மன்னிப்புக் கேட்க இவர். அறுபதை நெருங்கும் வயது. தொலைபேசியில் பேசும்போதும் குனிவார். மேசை விளிம்பில் இடித்த தழும்பு நெற்றியில் இருக்கிறது. ஆளில்லாத வீட்டின் முன்னாலும் குனிந்துவிட்டுத்தான் நகர்வார்.

"பூனை குறுக்க வந்தாக்கூட மன்னிப்புக் கேப்பீங்களே!" என்று இயந்திரம் ஓட்டும் கோண்டா சீண்டுவார்.

"அது போற வழியில நான்தானப்பா குறுக்க நின்னேன்."

எங்கள் குடும்பத்தில் கல்லூரிக்குப் போன முதல் ஆள் நான். அறவியல் படித்துவிட்டு இவரோடு துவாலைப் பை தூக்குகிறேன். இன்னும் செய்யாத ஒன்றுக்கு மன்னிப்புக் கேட்பது நேர்மையா, நடிப்பா என்று எனக்குத் தெளியவே இல்லை. ஒருமுறை கேட்டும்விட்டேன்: "மனசாரக் கேக்குறீங்களா, வேலைக்காகக் கேக்குறீங்களா?"

தொப்பியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "குனியும்போது ரெண்டும் ஒண்ணாத்தான் இருக்கு தம்பி. நிமிந்தப்புறம் நீ வந்து கேட்டா, எனக்கு எப்படித் தெரியும்?"

சென்ற மாதம் நாங்கள் இடிக்கவேண்டியிருந்த வீட்டில் முன்பு இருந்தவர், பக்கத்து வீட்டு மகாபே அம்மாளின் தோழி. வேலிக்கு மேலாகவே ஊறுகாய்க் கிண்ணங்கள் கைமாறி வளர்ந்த நட்பு. தோழி இறந்ததும் பிள்ளைகள் வீட்டை விற்றுவிட்டார்கள். மகாபே அம்மாள் துவாலையை வாங்கவில்லை. மறுநாளும் வாங்கவில்லை. சட்டப்படி அவர் சம்மதம் தேவையில்லை. ஆனாலும் நிஷிகோரி சான் வேலையைத் தொடங்கவிடவில்லை. முதலாளி பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார்.

மூன்றாம் நாள் நாங்கள் மணியை அழுத்தியதும் அம்மாள் வாசலுக்கே வந்தார்.

"நிஷிகோரி சான், நீங்க தப்பு ஒண்ணும் பண்ணல. இடிக்கணும்னா இடிங்க. ஆனா இந்தக் குனியிற வேலை மட்டும் வேணாம். நீங்க முன்னாடியே குனிஞ்சுட்டா நான் யார்மேல கோவப்படுறது? தெருவுல எல்லாரும் வாங்கிக்கிட்டாங்க, தலைய ஆட்டிட்டாங்க. அவ வீடு போகுதேன்னு ஒருத்தராவது கத்த வேணாமா?"

வழக்கம்போலக் குனியத் தொடங்கியவர் பாதியில் நின்றுவிட்டார். "மன்னி..." என்றவர் அதையும் விழுங்கிக்கொண்டார். அப்படி வளைந்தும் வளையாமலும் ஒரு மனிதர் நின்று நான் பார்த்ததில்லை. கதவு சாத்தப்பட்ட பிறகும் கொஞ்ச நேரம் அதே நிலையில் இருந்தார்.

பேருந்தில் திரும்பும்போது கேட்டார்: "நாளைக்கு ஆரம்பிக்கச் சொல்லிடறேன். ஆனா குனியாம அந்தம்மாவுக்கு எப்படி மரியாதை காட்டுறது? படிச்ச புள்ளதானே, சொல்லு."

ஒன்றுக்கொன்று ஒத்துவராத பல பதில்கள் எனக்குத் தோன்றின.

மறுநாள் காலை இயந்திரம் உறுமியது. கூரை ஓடுகள் சரியத் தொடங்கியதும் மகாபே அம்மாள் வேலியருகே வந்து கத்தினார். வாய் அசைவது தெரிந்தது; இயந்திரச் சத்தத்தில் ஒரு சொல்கூடக் கேட்கவில்லை. எதிர்வீட்டில் யாரோ சன்னலை மெதுவாகச் சாத்தினார்கள். நிஷிகோரி சான் இப்போது குனிவார் என்றுதான் நினைத்தேன். குனியக்கூடாதே என்றும் நினைத்தேன்.

அவர் கோண்டாவின் பக்கம் திரும்பிக் கையை உயர்த்தினார். என்ஜின் அடங்கியது. பிறகு வேலியோரம் போய், முதுகை நிமிர்த்தி, அம்மாளின் முகத்தை நேராகப் பார்த்தபடி நின்றார்.