நாலரை மணி முந்திய கடிகாரம்

ஆறு வருடமாக இதை எழுத நினைத்து எழுதாமல் விட்டிருக்கிறேன். கடதாசியை எடுத்து வைத்துவிட்டு, சாதாரண தரப் பரீட்சையோடு பள்ளிக்கூடத்தை விட்ட எனக்கு எழுத்து எதற்கு என்று மடித்து வைத்த நாட்கள் பல. அது சாக்குத்தான். உண்மைக் காரணம் வேறு. எங்கள் ஊரான களுதாவளையில் என்னைப் பற்றி ஒரு கதை உலாவுகிறது. சுவிஸ் நாட்டில் நின்றுபோன ஒரு கொம்பியூட்டரைப் பிள்ளையார் ஓட வைத்தார் என்ற கதை. நான் எழுதினால் அது உடைந்துபோகும். போன மாதம் பக்கத்து ஊரான தேற்றாத்தீவிலிருந்து முன்பின் தெரியாத ஒருவர் போன் எடுத்து, கட்டாரில் வேலை தேடும் தன் மகளுக்காக அதே பொங்கல் நேர்த்தியை வைக்கலாமா என்று கேட்டார். அதற்குப் பிறகு சும்மா இருக்க மனம் விடவில்லை.

பீல் என்ற ஊரில், ஏரிக்கரையில் இருந்தது அந்தச் சிறிய கம்பனி. மார்கழிக் காலை ஏழரைக்கு நான் போய் இருக்கும்போது தெரு விளக்குகள் அணைந்திராது. ஏரி எங்கே முடிகிறது, வானம் எங்கே தொடங்குகிறது என்று தெரியாதபடி மூடுபனி படுத்திருக்கும். ஆனால் என் லெப்டொப்பின் மூலையில் நேரம் பன்னிரண்டு. களுதாவளைப் பிள்ளையாருக்கு மத்தியானப் பூசை மணி அடிக்கிற நேரம். என் மனைவி தவம் மகளோடு ஊரில் இருந்தாள். அவள் கோயில் வாசலில் கைகூப்பும் அதே நிமிடத்தில் நானும் இங்கே கண்ணை மூடுவது என்று எங்களுக்குள் ஒரு பேச்சு. அதற்காகத்தான் வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே லெப்டொப்புக்குத் திருநீறு பூசி, அதன் கடிகாரத்தை நாலரை மணி நேரம் முன்னே தள்ளி வைத்தேன். அது தானாகப் பழைய நேரத்துக்குத் திரும்பப் பார்த்தது. அப்படித் திரும்பாமல் இருக்கவும் ஒரு வழி கண்டுபிடித்தேன். இங்கத்தைய நேரம் வேண்டுமென்றால் சுவர்க் கடிகாரத்தைப் பார்ப்பேன். வெளியே விடியாத ஏரியும் உள்ளே உச்சி வெயிலுமாக, இரண்டு பகலில் ஒரே நேரத்தில் இருப்பதுபோல் ஒரு மயக்கம். அந்த மயக்கம் எனக்குப் பிடித்திருந்தது.

கொம்பியூட்டருக்கும் எனக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். ஊரில் நான் தண்ணீர்ப் பம்பு திருத்துகிறவன். இங்கே வந்து பதினொரு வருடம் சலவை நிலையமொன்றில் ஈரத்துணி தூக்கி முதுகு போனது. இனிப் பாரம் தூக்கக் கூடாது என்று டொக்டர் சொல்ல, வேலை அலுவலகம் என்னைக் கொம்பியூட்டர் வகுப்புக்கு அனுப்பியது. வகுப்பு முடிந்து ப்ராக்டிகும், அதாவது பயிற்சி வேலை. எரித்திரியா நாட்டுக்காரரான யோனாஸும் நானுமாக இரண்டு பேர். வசந்தம் வரும்போது ஒருவரை மட்டும் நிரந்தரமாக வைத்துக்கொள்வார்கள். நிரந்தர வேலைக் கடிதம் இருந்தால்தான் தவத்தையும் மகளையும் நான் கூப்பிடலாம். என் நினைப்பெல்லாம் அந்தக் கடிதத்தில் இருந்தது.

அங்கே செய்தது ஒரு வலைத்தளச் செயலி. இந்த நாட்டு மாடிவீடுகளில் உடுப்புத் துவைக்க நிலக்கீழ் அறை ஒன்று பொதுவாக இருக்கும். ஊரில் வயல் வட்டையில் தண்ணீருக்கு முறை வைப்பதுபோல அதற்கும் முறை உண்டு. அந்த முறையைப் பதிவதற்கான செயலி அது. சிலவேளை ஒரே மணியை இரண்டு வீட்டுக்குக் கொடுத்துவிடும். ஏன் என்று கண்டுபிடிக்க எங்கள் மேலாளர் கத்ரின் எனக்கு ஒரு வாரம் தந்தார். இப்படிப்பட்ட பிழையை டீபக்கரில் போட்டுத்தான் தேடுவார்கள். பம்பின் மூடியைக் கழற்றி வைத்து ஓட விட்டுப் பார்ப்பதுபோல, நாம் புள்ளி வைத்த இடத்தில் ஓட்டம் நின்று உள்ளே இருப்பதைக் காட்டும். அதுவரை நான் கம்பனியின் பெரிய கொம்பியூட்டரில் ஓடுவதை வெளியே நின்று சோதித்தவன். என் லெப்டொப்பிலேயே டீபக்கரில் ஓட விடுவது அதுதான் முதல் தடவை.

புதன்கிழமை காலை பொத்தானை அமத்தினேன். வெள்ளைப் பக்கம் ஒன்று திறந்தது, மூடுபனிபோல. ஒரு மூச்சு நேரம் நின்று தானே மூடிக்கொண்டது. செயலியைத் தொடங்க முடியவில்லை என்று ஒரு வரி. மறுபடி அமத்தினேன். மறுபடி அதேதான். யோனாஸின் லெப்டொப்பில் ஓடியது, கத்ரினுடையதில் ஓடியது, என்னுடையதில் மட்டும் ஓடாது.

கத்ரின் வந்து குனிந்து பார்த்தார். "என்ன மாற்றினாய்?" என்று கேட்டார்.

"ஒன்றுமில்லை, ஒன்றும் மாற்றவில்லை" என்றேன். சத்தியமாக அப்படித்தான் நினைத்தேன்.

"அப்படியானால் நிறுவியதில்தான் பிழை" என்று சொல்லிவிட்டு அவர் யோனாஸைப் பார்த்தார். எங்கள் இருவரின் லெப்டொப்பையும் தயார் செய்தவர் யோனாஸ். அவர் தன் வேலையை வைத்துவிட்டு என் மேசைக்கு வந்து செயலிக்குரிய எல்லாவற்றையும் அழித்துத் திரும்ப நிறுவினார். ஓடவில்லை. வியாழக்கிழமை இன்னொரு தடவை. கத்ரின் தன் குறிப்புப் புத்தகத்தில் ஏதோ எழுதுவதை நான் கண்டேன். யோனாஸும் கண்டார். அந்த நேரம் என் மனதுக்குள் ஒரு சின்னச் சந்தோஷம் ஓடியதையும் மறைக்காமல் எழுதுகிறேன். இரண்டு பேரில் ஒருவர் என்றால், அந்த எழுத்து எனக்குப் பக்கமான எழுத்து.

இந்த இடத்தில் ஊர்க்காரியம் ஒன்றைச் சொல்ல வேண்டும். ஊரில் என் பம்புக் கடைக்கு ஒரு போடியார் வருவார், வட்டையில் நிறைய நிலம் உள்ளவர். அவருடைய பம்பு கடையில் வைத்தால் ஒரே இழுவையில் வேலை செய்யும். வயலுக்குக் கொண்டுபோனால் இருமிவிட்டு நின்றுவிடும். மூன்று தடவை உழவு மெசினில் ஏற்றிக் கொண்டுவந்தார்.

"தம்பி, உனக்குத் தொழில் தெரியாதுகா. பேசாம வெத்திலக் கொடிக்குத் தண்ணி ஊத்தப் போ."

"என்ன மாத்தின நீங்க, போடியார்?"

"நான் என்னத்த மாத்துற? ஒண்டும் மாத்தல்ல."

நாலாம் தடவை நானே வயலுக்குப் போனேன். பம்பு காற்றை இழுக்கும் வாயில் சந்தனத்தை அப்பி, அதில் அகலமான வெற்றிலை ஒன்றை ஒட்டி வைத்திருந்தார். கடைக்குக் கொண்டுவரும்போது மரியாதைக்காகக் கழற்றி எடுத்துவிடுவாராம்.

"இதென்ன போடியார்?"

"வெத்தில. கண் தெரியல்லியா?"

"காத்து இழுக்கிற வாயில ஒட்டியிருக்கீங்களே."

"முகத்தில வைக்காம முதுகிலயா வைக்கிற?"

"ஒண்டும் மாத்தல்ல எண்டீங்களே."

"சாமிக்கு வச்சது மாத்தினதில சேருமா?"

வெற்றிலையை ஒரு சாண் தள்ளி ஒட்டினேன். பம்பு ஓடியது. இந்தக் கதையைச் சொல்லிச் சொல்லி நான் எத்தனையோ பேரைச் சிரிக்க வைத்திருக்கிறேன்.

வெள்ளிக்கிழமை காலை யோனாஸ் மூன்றாம் தடவையும் நிறுவிவிட்டு, களைத்துப்போய்க் கோப்பி எடுக்கப் போனார். நான் பொத்தானை அமத்தினேன். வெள்ளைப் பக்கம் வந்து மூடியது. செய்வதற்கு ஒன்றும் இல்லாமல், கீழே ஓடும் சின்ன எழுத்துகளை எழுத்துக்கூட்டி வாசித்தேன். செயலி தொடங்கும்போது கம்பனியின் பெரிய கொம்பியூட்டரிடம் ஓர் அனுமதிச் சீட்டு வாங்கும். அந்தச் சீட்டு ஒரு மணி நேரத்துக்குத்தான் செல்லும். சீட்டு முடியும் நேரம் 11:05, இப்போது நேரம் 14:35, ஆகவே சீட்டு செல்லாது என்று எழுதியிருந்தது. சுவரைப் பார்த்தேன். பத்து மணி ஐந்து. என் லெப்டொப்பின் மூலையைப் பார்த்தேன். பின்னேரம் இரண்டு முப்பத்தைந்து. சாமிக்கு வச்சது மாத்தினதில சேருமா என்று போடியாரின் குரல் காதுக்குள் கேட்டது. இந்தத் தடவை சிரிப்பு வரவில்லை.

லெப்டொப்பின் கடிகாரத்தைச் சுவர் நேரத்தோடு சேர்த்தேன். பொத்தானை அமத்தினேன். வெள்ளைப் பக்கம் திறந்து, மூடாமல் நின்று, துவைக்கும் அறையின் நாட்களும் மணிகளும் ஒவ்வொன்றாக மிதந்து வந்தன. நான் வைத்த புள்ளியில் போய் நின்றது. அப்போது யோனாஸ் இரண்டு கோப்பியோடு உள்ளே வந்தார். திரையைக் கண்டதும் கோப்பியை வைத்துவிட்டு என் தோளைப் பிடித்துக் குலுக்கினார்.

"என்ன செய்தாய்?"

"ஒன்றுமில்லை. தானாக ஓடியது."

முதல் தடவை சொன்ன "ஒன்றுமில்லை" அறியாமல் சொன்னது. இது அறிந்து சொன்னது. மூன்றாம் தடவைதான் யோனாஸ் சரியாக நிறுவினார் என்று கத்ரின் எடுத்துக்கொண்டார். யோனாஸும் அப்படியே நம்பித் தலையைக் குனிந்துகொண்டார்.

மத்தியானம் ஏரிக்கரையில் நின்று தவத்துக்குப் போன் எடுத்தேன்.

"இஞ்சருங்க, சத்தம் ஒரு மாதிரிக் கிடக்கு. என்ன?"

"மூணு நாளா நிண்டது இண்டைக்கு ஓடிட்டு."

"பிள்ளையாரே. நேத்துத்தான் மண்டாடினன், இந்த ஒண்ட மட்டும் ஓட வச்சித் தா, பொங்கிப் படைக்கிறன் எண்டு. ஆரு திருத்தின?"

"தானா ஓடிச்சு."

"தானா எங்க ஓடுற? அவர்தான் ஓட்டினவர்."

அடுத்த நாள் காலை அவள் கோயிலில் பொங்கினாள். ஞாயிற்றுக்கிழமை முடிவதற்குள் கதை ஊர் முழுக்கப் போய்விட்டது. எனக்கு வேலை நிரந்தரமாகிவிட்டது என்றும் அதில் சேர்ந்துகொண்டது. பொங்கல் பானையின் படத்தை அனுப்பியிருந்தாள். அந்தப் படத்தைப் பார்த்துக் கும்பிடக் கையைத் தூக்கினேன். கை சேரவில்லை. என் பிழையை இன்னொருவரின் தலையில் வைத்துவிட்டு, அதன்மேல் பொங்கலும் வைத்திருந்தேன்.

திங்கட்கிழமை கத்ரினிடம் போனேன். ஞாயிறு முழுக்கப் பாடமாக்கிய ஜெர்மன் வசனங்கள் பாதி வழியில் மறந்துபோயின. "கடிகாரத்தை நான்தான் மாற்றினேன். முதல் நாளே. யோனாஸ் பிழை செய்யவில்லை. வெள்ளிக்கிழமை எனக்குத் தெரியும்" என்றேன்.

"எதற்காக மாற்றினாய்?"

"எங்கள் ஊர்க் கோயிலில் பன்னிரண்டு மணிக்குப் பூசை."

அவர் சிரிக்கவில்லை, கோபிக்கவுமில்லை. கலண்டரைத் திறந்து, சிறிய கூட்ட அறையை ஒவ்வொரு நாளும் பன்னிரண்டு முதல் பன்னிரண்டேகால் வரை என் பெயரில் பதிந்தார். நான் பூசைக்கு நேரம் கேட்கிறேன் என்று விளங்கிக்கொண்டார். அங்கத்தைய பன்னிரண்டு இங்கே ஏழரை என்று சொல்ல வாய் வரவில்லை. அன்போடு தந்ததை எப்படித் திருப்பிக் கொடுப்பது? அதனால் ஊரில் பின்னேரம் நாலரை மணியாகி, பூசையே இல்லாத நேரத்தில், நான் தினமும் அந்த வெறும் அறையில் போய்க் கண்ணை மூடிக்கொண்டு இருந்தேன்.

யோனாஸ் என்னிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டார். "நான் கோப்பியோடு வந்தபோது உனக்குத் தெரியுமா?"

"தெரியும்."

தன் மேசைக்குப் போய்விட்டார். அந்த வாரம் முழுக்கப் பேசவில்லை. அடுத்த திங்கள் பன்னிரண்டு மணிக்குக் கூட்ட அறைக் கதவு திறந்தது. யோனாஸ் வந்து மேசையின் மற்ற முனையில் உட்கார்ந்து, சட்டைக்குள்ளிருந்து சிறிய மரச்சிலுவையை எடுத்து நெற்றியில் வைத்தார். இரண்டு பேரும் வேறு வேறு சாமியை, இரண்டுக்கும் பொருந்தாத ஒரு நேரத்தில் கும்பிட்டோம். எழும்பும்போது தன் லெப்டொப்பை என் பக்கம் திருப்பிக் காட்டினார். இங்கத்தைய நேரத்துக்குக் கீழே அவருடைய நாட்டுத் தலைநகரான அஸ்மாராவின் நேரம். முதல் நாளிலிருந்தே வைத்திருக்கிறாராம். ஒன்றைத் திருப்பாமலே இரண்டாவது கடிகாரம் வைக்க அதில் இடம் இருந்திருக்கிறது.

வசந்தத்தில் யோனாஸை வைத்துக்கொண்டார்கள். நான் சொல்லாமல் இருந்திருந்தால் என்ன நடந்திருக்கும் என்று எனக்குத் தெரியாது. எட்டு மாதம் வேலை இல்லாமல் இருந்தேன். பிறகு ஒரு பள்ளிக்கூடத்தில் ஹவுஸ்வார்ட் ஆனேன். கட்டடத்தைப் பார்த்துக்கொள்கிற வேலை. நிலக்கீழ் அறையில் சுடுதண்ணீரைச் சுற்ற வைக்கும் பம்புகள் இருக்கின்றன, அவற்றின் சத்தம் எனக்கு விளங்கும். தவமும் மகளும் வந்து சேர மேலும் இரண்டு வருடம் சென்றது. வந்த பிறகுதான் அவளிடம் எல்லாவற்றையும் சொன்னேன். "ஊருக்கு எழுதிப் போடாதீங்க, பொங்கினது பொங்கினதுதான்" என்றாள். தேற்றாத்தீவுக்காரர் போன் எடுத்த பிறகு அவளே சொன்னாள்: "எழுதுங்க. ஆனா பிள்ளையாரக் கழட்டிப் போடாதீங்க."

கழற்றவில்லை. வெள்ளிக்கிழமை லெப்டொப் ஓடியதற்கு அவர் வரவேண்டிய தேவை இருக்கவில்லை. திங்கட்கிழமை என் வாய் திறந்ததற்குத்தான் வந்தார். அதை நான் நம்புகிறேன்.

இந்த நாட்டில் வருடத்துக்கு இரண்டு தடவை கடிகாரத்தை மாற்றுவார்கள். எங்கள் பள்ளிக்கூட மண்டபத்தில் பழைய கடிகாரம் ஒன்று இருக்கிறது, அதை நான்தான் ஏணியில் ஏறி மாற்றவேண்டும். குளிர்காலத்துக்கு ஒரு மணி பின்னே வைக்கவேண்டும். ஆனால் அதன் முள்ளைப் பின்னுக்குத் திருப்பக் கூடாது, உள்ளே உடைந்துவிடும். பதினொரு மணி நேரம் முன்னே சுற்றி வரவேண்டும். போன ஐப்பசியிலும் ஒரு ஞாயிறு காலை ஏழரைக்கு ஏணியில் நின்றேன். எட்டரையில் நின்ற முள்ளை மெல்லத் தள்ளிப் பன்னிரண்டுக்குக் கொண்டுவந்தேன். அந்த நிமிடம் களுதாவளையில் உண்மையாகவே பன்னிரண்டு. விரலை எடுக்காமல் ஒரு மூச்சு நேரம் கண்ணை மூடி நின்றேன். பிறகு தள்ளினேன், ஒன்று, இரண்டு, மூன்று என்று, ஏழரை வரும்வரைக்கும்.

இந்தக் கதையை யாருக்காவது சொல்ல விரும்புகிறவர்கள் தாராளமாகச் சொல்லுங்கள். ஆனால் முள்ளைப் பன்னிரண்டில் நிறுத்திவிட்டு எழும்பிப் போகவேண்டாம். யோனாஸின் மூன்று நாளையும், அவர் கொண்டுவந்த கோப்பியையும், நான் சொன்ன இரண்டாவது "ஒன்றுமில்லை"யையும் கூட்டாமல் குறைக்காமல் சொல்லி, முள் ஏழரைக்கு வந்து நின்றதோடு முடியுங்கள்.